துருவ ஒளியில் கேட்கும் இன்னொரு காலத்தின் குரல்: புதியவர்களுக்கு ஓர் அறிமுகம்

1927ஆம் ஆண்டு. நார்வேயில் ஆஸ்லோவுக்கு அருகே வசித்த யோர்கன் ஹால்ஸ் என்ற பொறியாளர் சிற்றலை வானொலியில் காதை வைத்துக்கொண்டிருந்தார். நெதர்லாந்தின் ஐந்தோவன் நகரிலிருந்து ஃபிலிப்ஸ் நிறுவனம் ஒலிபரப்பிய பி.சி.ஜே.ஜே. நிலையத்தின் சமிக்ஞை அது. முதலில் சமிக்ஞை வந்தது. பூமியை ஒருமுறை சுற்றிவிட்டு, ஏறக்குறைய ஏழில் ஒரு பங்கு நொடியில் அதன் எதிரொலி வந்தது. அதுவரை சரி, வானொலிக்காரர்களுக்குப் பழகிப்போன விஷயம்தான். அப்புறம், மூன்று நொடி கழித்து, அதே சமிக்ஞை மெலிந்த குரலில் இன்னொரு முறை வந்தது.

மூன்று நொடி என்பது வானொலி அலைக்குப் பெரிய காலம். நொடிக்கு 3 லட்சம் கிலோமீட்டர் ஓடும் அலை அதற்குள் 9 லட்சம் கிலோமீட்டர் போயிருக்கும். நிலாவைத் தொட்டுவிட்டுத் திரும்பினால்கூட இரண்டரை நொடிக்குச் சற்று அதிகமாகத்தான் ஆகும். அந்த மூன்று நொடியும் அலை எங்கே இருந்தது? ஹால்ஸ் இதைக் கார்ல் ஸ்டோர்மரிடம் கொண்டுபோனார். துருவங்களை ஒட்டிய வானில் இரவில் ஆடும் வண்ண ஒளியான துருவ ஒளியின் ஆராய்ச்சியில் வாழ்நாளின் பெரும்பகுதியைச் செலவிட்ட கணித அறிஞர் அவர். டச்சு இயற்பியலாளர் வான் டெர் போலுடன் சேர்ந்து 1928இல் சோதனை செய்து பார்த்தபோது, 3 முதல் 15 நொடி வரை தாமதித்து வந்த எதிரொலிகள் பதிவாயின. அதற்குப் பல விளக்கங்கள் சொல்லப்பட்டுவிட்டன. எல்லோரும் ஏற்றுக்கொண்ட ஒரே விளக்கம் என்று ஒன்று இன்றுவரை இல்லை.

இந்தக் கட்டுரையில் நான் விளக்க வந்தது ஒரு கற்பனைக் கருத்து. வானில் இயற்கையாக நிகழும் ஒன்று இரண்டு காலக்கோடுகளைக் கொஞ்ச நேரத்துக்குக் கோத்துவைக்கிறது என்ற கருத்து. அறிவியல் புனைவில் இது அடிக்கடி வரும். ஆனால் ஹால்ஸ் கேட்ட எதிரொலியைத் தெரிந்துகொண்டால்தான் அந்தக் கற்பனை எந்த மண்ணில் முளைத்தது என்று புரியும். சொன்ன சொல் காலம் தாழ்த்தி வந்து சேர்வது மெய்யாகவே நடந்திருக்கிறது. மூன்று நொடி தாமதிக்கலாம் என்றால் முப்பது ஆண்டு தாமதித்தால் என்ன என்று கேட்பதுதான் கதைக்காரர் செய்யும் வேலை.

அந்தக் கேள்வியை நேராகவே கேட்ட ஒரு படத்தை உதாரணமாக எடுத்துக்கொள்கிறேன். 2000ஆம் ஆண்டில் வந்த 'ஃப்ரீக்வென்ஸி' என்ற அமெரிக்கப் படம். கதையின் முடிச்சைச் சொல்லாமல் கருத்தை விளக்க முடியாது. எனவே இனி பார்க்கப்போகிறவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும். நியூயார்க் நகரின் குயின்ஸ் பகுதியில் ஒரு வீடு. 1999 அக்டோபரில் அந்த ஊர் வானத்தில் துருவ ஒளி ஆடுகிறது. அந்த வீட்டில் தனியே வாழும் ஜான் என்ற போலீஸ்காரர், அப்பாவின் பழைய ஹாம் ரேடியோவை, அதாவது பொழுதுபோக்காகத் தூரத்து ஆட்களோடு பேசும் வானொலிக் கருவியை, எடுத்து உயிரூட்டுகிறார். மறுமுனையில் யாரோ பேசுகிறார்கள். பேசப்பேசத் தெரிகிறது, அது 1969 அக்டோபரில், அதே வீட்டில், அதே கருவியின் முன் உட்கார்ந்திருக்கும் அவருடைய அப்பா ஃபிராங்க். தீயணைப்பு வீரரான ஃபிராங்க் இன்னும் இரண்டு நாளில் ஒரு கிடங்குத் தீ விபத்தில் இறக்கப்போகிறார். 1969இலும் வானத்தில் அதே துருவ ஒளி.

இதில் முதலில் கவனிக்க வேண்டியது, இங்கே யாரும் காலப்பயணம் செய்யவில்லை. ஜான் 1969க்குப் போவதில்லை, ஃபிராங்க் 1999க்கு வருவதில்லை. குரல் மட்டும்தான் கடக்கிறது. இரண்டாவது, இரண்டு பக்கக் கடிகாரங்களும் ஒரே வேகத்தில் ஓடுகின்றன. இங்கே ஒரு மணி நேரம் போனால் அங்கேயும் ஒரு மணி நேரம். இன்று இரவு பேச்சு அறுந்து நாளை தொடர்ந்தால், அங்கேயும் ஒரு நாள் கழிந்திருக்கும். முன்னால் ஒன்று, பின்னால் ஒன்று என்று இருக்க வேண்டிய இரண்டு ஆண்டுகள், பக்கத்துப் பக்கத்து வீடுகளைப் போல அருகருகே நடக்கின்றன. இணைக் காலக்கோடு என்று சொல்லும்போது மனதில் இருக்க வேண்டிய படம் இதுதான்.

'காலக்கோடு' என்ற சொல்லையும் கொஞ்சம் பிரித்துப் பார்ப்போம். விழுப்புரம் ஜங்ஷனை நினைத்துக்கொள்ளுங்கள். சென்னையிலிருந்து திருச்சிக்குப் போகும் ரயிலுக்கு அங்கே இரண்டு வழி உண்டு. விருத்தாசலம், அரியலூர் வழியாகப் போகும் கார்டு லைன் ஒன்று. கடலூர், மயிலாடுதுறை, தஞ்சாவூர் வழியாகப் போகும் மெயின் லைன் இன்னொன்று. விழுப்புரம் வரை இரண்டு ரயிலின் ஜன்னலிலும் தெரிவது ஒரே காட்சி. அதன் பிறகு ஒருவர் பார்ப்பதை மற்றவர் பார்க்க மாட்டார். இப்போது அந்த இரண்டு ரயிலிலும் இருப்பது ஒரே ஆள் என்று வைத்துக்கொள்ளுங்கள். விழுப்புரம் வரைக்கும் இருவருக்கும் ஒரே நினைவுகள், அங்கிருந்து வேறு வேறு வாழ்க்கை. தண்டவாளம் பிரிந்த இடம்தான் கதைகளில் வரும் அந்த ஒரு கணம். ஃபிராங்க் தீப்பிடித்த கிடங்கில் எந்தப் பக்கம் திரும்பினார் என்பது அப்படியொரு கணம்.

உவமை இங்கே நின்றுவிடும். ரயில் பாதைகள் இரண்டும் திருச்சியில் மறுபடி சேர்ந்துவிடுகின்றன, காலக்கோடுகளுக்கு அந்த ஏற்பாடு இல்லை. பிரிந்தது பிரிந்ததுதான். அவை மறுபடி ஒன்றையொன்று தொட வேண்டுமானால் வெளியிலிருந்து ஏதாவது வந்து தொடவைக்க வேண்டும். அந்த வேலையைத்தான் கதைகளில் இயற்கை செய்கிறது. 1967இல் ஒளிபரப்பான அமெரிக்க விண்வெளித் தொடர் ஒன்றில் அது அயனிப் புயல். 2013இல் வந்த ஒரு சிறிய படத்தில் பூமியருகே கடந்துபோகும் வால் நட்சத்திரம். அன்று இரவு விருந்துக்குக் கூடிய நண்பர்கள் தெருவில் இறங்கி நடந்தால், தங்களைப் போலவே இருக்கும் இன்னொரு கூட்டம் அதே போன்ற இன்னொரு வீட்டில் உட்கார்ந்திருக்கும். 2018இல் வந்த ஸ்பானியப் படத்தில் 25 ஆண்டு இடைவெளியில் திரும்பி வரும் இடிமின்னல் புயல். அது 2022இல் இந்தியிலும் எடுக்கப்பட்டது.

ஏன் இயற்கை? ஒரு விஞ்ஞானி, ஒரு ஆய்வுக்கூடம், ஒரு இயந்திரம் என்று வைத்துக்கொண்டால் எளிதாக முடிந்துவிடுமே என்று தோன்றலாம். என் எண்ணம், அந்த எளிமைதான் சிக்கல். இயந்திரத்துக்கு ஒரு பொத்தான் இருக்கும். பொத்தான் இருந்தால் மறுபடி மறுபடி அழுத்தலாம், முதல் முறை தவறினால் இரண்டாம் முறை சரிசெய்யலாம். அப்படிப்பட்ட கதை ஒரு புதிராக மாறிவிடும். துருவ ஒளியை யாராலும் வரவழைக்க முடியாது, போகாதே என்று பிடித்துவைக்கவும் முடியாது. இறந்துபோன அப்பாவோடு பேச ஐந்து நாள் கிடைத்தால் அந்த ஐந்து நாள்தான். பிரிவைப் பற்றிப் பேசும் கதைகள் இந்தக் கருத்தை இவ்வளவு விரும்பி எடுத்துக்கொள்வதற்கு இதுவே காரணம் என்று நினைக்கிறேன். வாழ்க்கையிலும் நமக்குக் கிடைக்கும் கடைசிப் பேச்சுகளின் நேரத்தை நாம் தேர்ந்தெடுப்பதில்லை.

இன்னொரு காரணமும் தோன்றுகிறது. இதை யாரும் எழுதி நான் படித்ததில்லை, என் யோசனைதான். ஒரு தீயணைப்பு வீரர் பிழைத்தாரா இறந்தாரா என்பதில் இரண்டு காலக்கோடுகள் பிரிகின்றன. அவர் பிழைத்த உலகில் சில தெருக்கள், சில வீடுகள், சில மனிதர்கள் மாறிப்போவார்கள். ஆனால் சூரியனுக்கு அந்தச் செய்தி தெரியாது. இரண்டு உலகத்தின் மேலும் ஒரே சூரியப் புயல்தான் வந்து மோதும். பிரிந்துபோன இரண்டு வாழ்க்கைக்கும் பொதுவாக மிச்சமிருப்பது வானம் மட்டும்தான். எனவே, இரண்டுக்கும் நடுவே கதவு வைக்க வேண்டும் என்றால் அதை வானத்தில் வைப்பதுதான் பொருத்தமாக இருக்கிறது.

சரி, அந்த வானத்தில் மெய்யாக என்ன நடக்கிறது? சூரியன் ஓயாமல் மின்னேற்றத் துகள்களை வீசிக்கொண்டிருக்கிறது. சில சமயம் ஒரு பெரிய மேகமாகவே உமிழும். அது பூமியின் காந்த மண்டலத்தில் வந்து மோதும்போது, காந்தப் புலக்கோடுகளின் வழியே எலெக்ட்ரான்கள் துருவங்களை நோக்கிக் கீழே பாய்ந்து காற்றின் அணுக்களைத் தாக்குகின்றன. தாக்குண்ட அணுக்கள் ஒளி விடுகின்றன. 100 கிலோமீட்டருக்குச் சற்று மேலே ஆக்ஸிஜன் பச்சையாக ஒளிரும். 200 கிலோமீட்டருக்கு மேலே அதே ஆக்ஸிஜன் சிவப்பாக ஒளிரும். நைட்ரஜன் நீலமும் ஊதாவும் தரும்.

ஒரே ஆக்ஸிஜன், இரண்டு நிறம். காரணம் காத்திருப்பு. பச்சை ஒளியை விட வேண்டிய அணு அடிவாங்கி ஒரு நொடிக்குள்ளேயே விட்டுவிடும். சிவப்பு ஒளியை விட வேண்டிய அணுவோ ஏறக்குறைய இரண்டு நிமிடம் அந்த ஆற்றலை வைத்துக்கொண்டு காத்திருக்கும். கீழே காற்று அடர்த்தியாக இருப்பதால், அதற்குள் வேறொரு துகள் வந்து முட்டி ஆற்றலைப் பறித்துவிடும். மிக மேலே, முட்ட ஆளே இல்லாத உயரத்தில்தான் அந்த அணுவால் காத்திருந்து ஒளிர முடிகிறது. இவ்வளவு உயரத்தில் இருப்பதால் சிவப்பு ஒளி வெகுதூரத்தில் இருப்பவர்களுக்கும் அடிவானத்தில் தெரியும். 2024 மே மாதம் 10, 11 தேதிகளில் பெரிய காந்தப் புயல் வந்தபோது லடாக்கின் ஹான்லேயில் வானம் சிவந்து தெரிந்தது இப்படித்தான். நியூயார்க் வானத்தில் துருவ ஒளி என்பதும் வெறும் கற்பனை இல்லை, அரிது, அவ்வளவுதான்.

படத்தின் ஆண்டுகளிலும் ஒரு பொருத்தம் இருக்கிறது. சூரியப் புள்ளிகள் சராசரியாக 11 ஆண்டுக்கு ஒருமுறை பெருகி ஓயும். அவை பெருகும் காலத்தில் காந்தப் புயல்களும் பெருகும். ஒரு உச்சம் 1968 இறுதியில் வந்தது. அதிலிருந்து மூன்றாவது சுழற்சியின் உச்சம் 2000, 2001 வாக்கில் வந்தது. 1969 என்பது ஒரு உச்சத்தை அப்போதுதான் தாண்டிய ஆண்டு, 1999 இன்னொரு உச்சத்தை எட்டிக்கொண்டிருந்த ஆண்டு. இரண்டு அக்டோபரிலும் சூரியன் விழித்துத்தான் இருந்தது.

துருவ ஒளிக்கும் கம்பிவழிச் செய்திக்கும் உள்ள உறவு ஹாம் ரேடியோவை விடப் பழையது. 1859 செப்டம்பர் 1ஆம் தேதி ரிச்சர்ட் காரிங்டன் என்ற ஆங்கிலேய வானியலாளர் சூரியனின் முகத்தில் திடீரென்று ஒரு வெண்ணிற வெடிப்பைப் பார்த்தார். ஒரு நாள்கூட ஆகவில்லை, பூமியில் காந்தப் புயல் வந்துவிட்டது. வெப்பமண்டலத்தை ஒட்டிய ஊர்களில்கூடத் துருவ ஒளி தெரிந்தது. தந்திக் கம்பிகளில் யாரும் செலுத்தாத மின்னோட்டம் ஓடியது. செப்டம்பர் 2ஆம் தேதி பாஸ்டனில் இருந்த தந்தி ஊழியர், மெய்ன் மாநிலத்தின் போர்ட்லண்டில் இருந்த ஊழியரிடம், உங்கள் பேட்டரியைக் கம்பியிலிருந்து முழுதாகத் துண்டித்துவிடுங்கள் என்று கேட்டுக்கொண்டார். தன்னுடையதையும் துண்டித்தார். பிறகு இருவரும் வானம் தந்த மின்னோட்டத்தை மட்டும் வைத்துக்கொண்டு பேசினார்கள். எழுத்து எப்படி வருகிறது என்று இவர் கேட்க, பேட்டரி இருந்ததைவிட நன்றாகவே வருகிறது, மின்னோட்டம் மெல்ல ஏறி மெல்ல இறங்குகிறது என்று அவர் பதில் சொன்னார்.

இந்த உரையாடல் கற்பனை இல்லை என்பதை அழுத்திச் சொல்கிறேன். வானத்து ஒளி இரண்டு மனிதர்களின் பேச்சைச் சுமந்தது. கதை இதற்கு மேல் கூட்டியது ஒன்றே ஒன்றுதான். கம்பியின் இரண்டு முனைகளும் வேறு வேறு ஊரில் இருப்பதற்குப் பதிலாக வேறு வேறு காலத்தில் இருக்கின்றன.

ஹாம் ரேடியோ இதற்கு ஏற்ற கருவியாக அமைந்ததும் தற்செயல் இல்லை. சிற்றலை வானொலி, வளிமண்டலத்தின் மேலே மின்னேற்றத் துகள்கள் நிறைந்த அடுக்கான அயனி மண்டலத்தில் பட்டுத் திரும்பித்தான் நெடுந்தூரம் போகிறது. அந்த மண்டலம் சூரியனின் மனநிலைக்கு ஏற்ப ஏறி இறங்கும். சிற்றலையில் தூரத்து நிலையங்களைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு இது அனுபவமாகவே தெரியும். பாட்டு தெளிவாக வந்துகொண்டே இருக்கும், திடீரென்று கிணற்றுக்குள் போய்விடும், காதைப் பெட்டியோடு ஒட்டி வைத்துக் காத்திருந்தால் மறுபடி மேலே வரும். துருவ ஒளி நாளில் சிற்றலை பல சமயம் செத்தே போகும். ஆனால் அதைவிட உயர்ந்த அதிர்வெண்களில் வேறொரு விந்தை நடக்கும். துருவ ஒளித் திரையே ஒரு சுவர் மாதிரி அலைகளைத் திருப்பி அனுப்பும். வழக்கமாக எட்டாத தூரத்து ஹாம்களை அன்று பிடிக்கலாம். அந்தச் சுவர் ஓயாமல் அசைந்துகொண்டே இருப்பதால் வரும் குரல் கரகரத்து, மூச்சுக்காற்றில் பேசுவது போலக் கேட்கும். பேச்சு புரியாமல் போவதால் பலரும் மோர்ஸ் குறியீட்டுக்கு மாறிக்கொள்வார்கள். அதிலும் தெளிவான பீப் ஒலிக்குப் பதிலாக இரைச்சல்தான் விட்டுவிட்டு வரும். ஆவியின் குரல் போல இருக்கிறது என்று யாராவது சொன்னால் நான் மறுக்க மாட்டேன்.

இனி கடினமான பகுதி. இன்னொரு காலக்கோடு என்று ஒன்று இருக்க முடியுமா? இருந்தால் அதோடு பேச முடியுமா? இவை இரண்டும் வேறு வேறு கேள்விகள். புதிதாக வருபவர்கள் பெரும்பாலும் இரண்டையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்கிறார்கள்.

முதல் கேள்விக்கு இயற்பியலில் ஒரு மதிப்புமிக்க பதில் உண்டு. 1957இல் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் ஹியூ எவரெட் என்ற இளைஞர் தன் ஆய்வேட்டில் சொன்னது அது. ஒரு எலெக்ட்ரான் இங்கேயும் இருக்கலாம், அங்கேயும் இருக்கலாம் என்ற கலவை நிலையில் இருக்க முடியும் என்பது குவாண்டம் இயற்பியலின் அடிப்படை. நாம் அளந்து பார்த்தால் மட்டும் ஏதோ ஓர் இடத்தில் கிடைக்கிறது. மற்ற சாத்தியம் எங்கே போனது? எங்கேயும் போகவில்லை என்றார் எவரெட். சமன்பாட்டை அது சொல்கிறபடியே நம்பினால், அளப்பவரும் அந்தக் கலவைக்குள் சேர்ந்துவிடுகிறார். இங்கே பார்த்தவர் ஒரு கிளையில், அங்கே பார்த்தவர் இன்னொரு கிளையில். இரண்டும் சம அளவுக்கு உண்மை. எல்லா இயற்பியலாளர்களும் இதை ஏற்கவில்லை என்றாலும் கணக்கில் பிழை என்று யாரும் தள்ளிவிட முடியாது.

இரண்டாம் கேள்விக்கு வரும் பதில் நம் கதைக்குச் சாதகமாக இல்லை. ஒரு நிகழ்வு நடந்த உடனே அதைப் பற்றிய செய்தி சுற்றியிருக்கும் காற்று மூலக்கூறுகளிலும் ஒளித்துகள்களிலும் வெப்பத்திலும் பரவிவிடுகிறது. கோடானுகோடித் துகள்கள் அதற்குச் சாட்சியாகிவிடுகின்றன. அத்தனை சாட்சியையும் துடைத்து எடுத்தால்தான் இரண்டு கிளைகள் மறுபடி ஒன்றோடொன்று கலக்க முடியும். நடைமுறையில் அது நடக்காது. இந்தப் பரவலுக்கு டிகோஹியரன்ஸ் என்று பெயர். துருவ ஒளியும் அந்த விதிக்குக் கட்டுப்பட்டதுதான். அதன் ஒவ்வொரு எலெக்ட்ரானும் ஒவ்வொரு கிளைக்குள்ளே அடங்கிய பொருள். கிளைக்கு வெளியே நின்று பாலம் போட அதற்கு இடம் இல்லை.

ஆனால் இங்கே ஒரு சிறிய இடுக்கு இருக்கிறது. இந்தத் துறையில் எனக்கு மிகவும் பிடித்த இடமும் அதுதான். கிளைகள் ஒன்றையொன்று தொடாமல் இருப்பதற்கு ஆழமான காரணம், குவாண்டம் சமன்பாடு நேரியல் தன்மை கொண்டது என்பது. எளிமையாகச் சொன்னால், கலவையின் ஒவ்வொரு பகுதியும் மற்றது இல்லவே இல்லை என்பது போலத் தன்பாட்டுக்கு நடக்கும். குளத்தில் இரண்டு சிற்றலைகள் ஒன்றை ஒன்று கடந்து, ஒன்றும் நடக்காதது போல அதனதன் வழியில் போவதைப் பார்த்திருப்பீர்கள், அந்த மாதிரி. நோபல் பரிசு பெற்ற இயற்பியலாளர் ஸ்டீவன் வைன்பெர்க் 1989இல், அந்தச் சமன்பாட்டில் மிகச் சிறிய நேரியலற்ற பகுதி ஒளிந்திருந்தால் என்ன ஆகும் என்று கேட்டார். 1991இல் ஜோசப் போல்சின்ஸ்கி அதன் விளைவைக் கணக்கிட்டார். அப்படி ஒன்று இருந்தால் ஒளியைவிட வேகமாகச் செய்தி அனுப்ப முடிந்துவிடும். அதைத் தடுக்கும்படி கோட்பாட்டை அமைத்தால், ஒரு கிளையில் இருப்பவர் இன்னொரு கிளையில் இருப்பவருக்குச் செய்தி அனுப்ப முடிந்துவிடும். அதற்கு அவர் எவரெட் தொலைபேசி என்று பெயர் வைத்தார்.

ஒரு நாவலாசிரியர் வைத்த பெயர் போல இருக்கிறது. ஆனால் அது ஆய்விதழில் வந்த கட்டுரை. வைன்பெர்க்கின் யோசனையை உடனேயே சோதித்தும் பார்த்தார்கள். அமெரிக்காவின் போல்டர் நகரில் டேவிட் வைன்லண்டின் குழு, பெரிலியம் அயனிகளைக் காந்தப் பொறியில் அடைத்து அவற்றின் அதிர்வை மிக நுட்பமாக அளந்தது. நேரியல் தன்மையிலிருந்து எந்த விலகலும் தெரியவில்லை. எனவே தொலைபேசி இப்போதைக்குக் காகிதத்தில் மட்டும்தான். துருவ ஒளி ஆடும்போது மட்டும் அந்தச் சமன்பாடு கொஞ்சம் வளைகிறது என்று வைத்துக்கொண்டால் நம் கதை நடந்துவிடும். கதைக்காரர் நம்மிடம் கேட்கும் சலுகை அந்த ஒன்றுதான். ஒரு கதைக்கு இவ்வளவு குறைந்த சலுகை போதும் என்பது எனக்கு ஆச்சரியமாகவே இருக்கிறது.

இணைப்பு கிடைத்துவிட்டது, ஜான் அப்பாவை எச்சரித்துவிட்டார் என்று வைத்துக்கொள்வோம். இப்போது என்ன நடக்கும்? இந்த இடத்தில் இரண்டு விதிகள் சாத்தியம். எந்த விதி என்று தெரியாமல் இந்த வகைக் கதைகளைப் பின்தொடர்ந்தால் பாதியில் வழி தவறிவிடும்.

படம் எடுத்துக்கொண்டது திருத்தி எழுதும் விதி. இருப்பது ஒரே காலக்கோடு. 1969இல் ஒன்றை மாற்றினால் 1999 அந்த நொடியே மாறும். தீ விபத்தில் தப்பித்த ஃபிராங்க், ரேடியோ வைத்திருக்கும் மேசையில் சால்டரிங் அயர்னால் சுட்டு எழுதுகிறார். முப்பது ஆண்டு கழித்து மகனின் கண் முன்னே அதே மேசையின் மரத்தில் எழுத்துகள் ஒவ்வொன்றாகக் கருகித் தோன்றுகின்றன. இந்தக் கருத்தை இதைவிடத் தெளிவாக ஒரே காட்சியில் சொல்ல முடியாது. ஆனால் விலையும் உண்டு. ஃபிராங்க் உயிரோடு இருப்பதால் செவிலியரான அவர் மனைவி அன்று இரவு மருத்துவமனையில் இருக்கிறார். அவர் இருந்ததால் செத்துப்போக வேண்டிய ஒரு நோயாளி பிழைக்கிறான். அவன் பெண்களைக் கொல்லும் தொடர் கொலைகாரன். அடுத்து ஜானின் அம்மாவே பலியாகிறார். பாவில் ஒரு இழையை உருவினால் துணியின் மறுகோடி சுருங்குவது போல ஒவ்வொன்றும் இன்னொன்றை இழுக்கிறது.

இந்த விதியில் ஒரு இடறல் இருக்கிறது. அப்பா பிழைத்துவிட்டால், அப்பாவோடு வளர்ந்த ஜான் அப்பாவை எச்சரிக்க வேண்டிய தேவையே இல்லையே? பிறகு யார் எச்சரித்தது? படம் இதற்கு ஜானின் நினைவை வைத்துச் சமாளிக்கிறது. ஊரில் எல்லோரும் புதிய வரலாற்றை மட்டும் நினைவில் வைத்திருக்க, ஜானுக்கு மட்டும் பழையதும் புதியதும் சேர்ந்தே நினைவிருக்கும். உணர்ச்சிக்கு இது சரியான முடிவு. தர்க்கத்துக்கு இல்லை.

இன்னொரு விதி கிளைக்கும் விதி. டேவிட் டாய்ச் என்ற இயற்பியலாளர் 1991இல் காலத்தில் பின்னோக்கிச் செய்தி போனால் குவாண்டம் கணக்கு என்ன சொல்லும் என்று ஆராய்ந்தார். எவரெட்டின் பார்வையில் அதைப் படித்தால் முரண்பாடே வராது. செய்தி போய்ச் சேருவது அனுப்பியவருடைய பழைய காலத்துக்கு இல்லை, பக்கத்துக் கிளைக்கு. எச்சரிக்கையைக் கேட்ட ஃபிராங்க் பிழைக்கிறார், தன் சின்ன மகனை வளர்க்கிறார், மூப்படைகிறார். அந்தக் கிளையின் ஜான் அப்பா இல்லாத வீட்டை அறிய மாட்டார். தர்க்கம் முழுதாகக் காப்பாற்றப்படுகிறது.

ஆனால் எச்சரித்த ஜான்? அவருடைய கிளையில் ஃபிராங்க் 1969இல் இறந்தது இறந்ததுதான். மேசையில் எந்த எழுத்தும் தோன்றாது. கல்லறைக்குப் போனால் கல் அங்கேயே இருக்கும். அவருக்குக் கிடைத்ததெல்லாம் சில இரவுகளின் கரகரத்த குரலும், இன்னொரு ஜான் அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு எங்கோ நடந்துபோகிறான் என்ற நம்பிக்கையும்தான். தொடர்பு அறுந்துவிட்டால் அதைச் சரிபார்க்கக்கூட வழி இல்லை.

எனக்கு இந்த இரண்டாவது வடிவம்தான் பெரியதாகப் படுகிறது. திருத்தி எழுதும் விதியில் ஜான் பேசுவது தனக்காகவும்தான். அவருடைய அப்பா அவருக்கே திரும்பக் கிடைப்பார். கிளைக்கும் விதியில் அவருக்குத் திரும்ப எதுவும் கிடைக்காது என்று தெரிந்தே, தனக்கு வாய்க்காத பிள்ளைப் பருவத்தை வேறொரு சிறுவனுக்கு வாங்கித் தருகிறார். பெயரும் முகமும் ஒன்றாக இருந்தாலும் அது வேறொரு பிள்ளை. அப்படி ஒரு வானொலியின் முன் உட்காரும் வாய்ப்பு வந்தால் நானும் பேசத்தான் செய்வேன். இந்த வகையில் கதை எழுத நினைப்பவர்கள் அந்த ஜானை எழுதிப் பார்க்க வேண்டும் என்பது என் ஆசை. சிக்கலில்லாத தர்க்கமும் ஆழமான துக்கமும் ஒரே இடத்தில் கிடைப்பது அரிது.

எழுத உட்காருபவர்களுக்கு இன்னும் ஒன்று சொல்ல வேண்டும். கதவு எப்படித் திறந்தது என்று பக்கம் பக்கமாக விளக்கத் தேவையில்லை, எப்படி மூடுகிறது என்பதைத்தான் கவனமாக எழுத வேண்டும். துருவ ஒளி சுவிட்சைப் போட்டது போல அணையாது. முதலில் திரைகளின் அசைவு குறையும், பச்சை வெளிறும், தூரத்தில் ஒரு மங்கலான படலம் கொஞ்ச நேரம் துடித்துக்கொண்டிருக்கும். வானொலியில் அது இன்னும் மெதுவாகத் தெரியும். நான்கு சொல்லில் ஒன்று விழாது, பிறகு இரண்டு விழாது, பிறகு ஏதோ சொல்கிறார் என்பது மட்டும் தெரியும்.

1859இல் பாஸ்டனிலும் போர்ட்லண்டிலும் அந்த மின்னோட்டம் ஏறக்குறைய இரண்டு மணி நேரம் நீடித்தது. அதுவரை இரண்டு ஊழியர்களும் பேட்டரி இல்லாமலேயே தங்கள் தந்தி வேலையைத் தொடர்ந்தார்கள்.